வார்னிங், அலர்ட், வாட்ச்: மூணும் ஒண்ணுதானா?

8 ஜூன் 2025, ஞாயிறு (கேள்வி)

ஃபயர் அண்ட் சேஃப்டி டிப்ளமா முடித்திருக்கிறேன். ஊர் குளச்சல் பக்கம். கல்ஃப் இன்டர்வியூவுக்குப் படித்துக்கொண்டிருக்கிறேன். பாடப் புத்தகத்தில் டேஞ்சர், வார்னிங், காஷன் என்று மூன்று சொல். போனில் வரும் வானிலைச் செய்தியில் வாட்ச், அலர்ட், வார்னிங் என்று வேறு மூன்று. அகராதியில் பார்த்தால் பாதிக்கு மேல் 'எச்சரிக்கை' என்றுதான் இருக்கிறது. ஒரே அர்த்தத்துக்கு இத்தனை சொல் எதற்கு? வெள்ளைக்காரன் அலங்காரத்துக்கு வைத்திருக்கிறான் என்று நினைக்கிறேன். சரியா சார்?

8 ஜூன், இரவு

சரியில்லை மக்கா. அலங்காரம் இல்லை, படிக்கட்டு.

தொழிற்சாலைப் பலகைகளுக்கு அமெரிக்காவில் ஆன்ஸி இசட்535 என்று ஒரு தரம் உண்டு. வளைகுடாவில் நான் வேலை பார்த்த இடங்களில் அதைத்தான் பின்பற்றினார்கள். சிவப்பில் டேஞ்சர் என்று இருந்தால், சொன்னதைக் கேட்காதவன் செத்துப்போவான் அல்லது படுகாயம் அடைவான். ஆரஞ்சில் வார்னிங் என்று இருந்தால், சாகக்கூடும். மஞ்சளில் காஷன் என்றால் சின்னக் காயம், நடுத்தரக் காயம். டேஞ்சருக்கும் வார்னிங்குக்கும் நடுவில் இருப்பது ஒரே ஒரு 'கூடும்'. அந்தக் 'கூடும்' தெரியாமல் சேஃப்டி வேலைக்குப் போகாதே.

வானிலைத் துறையின் படிக்கட்டு வேறு. மஞ்சள் என்றால் வாட்ச்: கவனித்துக்கொண்டிரு. ஆரஞ்சு என்றால் அலர்ட்: தயாராக இரு. சிவப்பு என்றால் வார்னிங்: கிளம்பு, செய்ய வேண்டியதைச் செய்.

இப்போது இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார். பலகையில் நடுப்படியில் நிற்கிற வார்னிங், வானிலையில் உச்சியில் ஏறி உட்கார்ந்திருக்கிறது. ஆரஞ்சு அங்கே வார்னிங், இங்கே அலர்ட். சொல்லைத் தனியாக மனப்பாடம் செய்தால் கதை கந்தல். எந்தப் படிக்கட்டில் நிற்கிறோம் என்று முதலில் பார்க்க வேண்டும்.

9 ஜூன், காலை

'நிறத்தை மட்டும் தெரிந்துகொண்டால் போதாதா?' என்று ஒருவர் கேட்டிருக்கிறார். கரையில் நிற்கிறவனுக்குப் போதும். ரேடியோவில் நிறம் கேட்காது.

9 ஜூன், மாலை

நேற்று எழுதியதில் ஒரு விடுபாடு. ரசாயன டிரம், கேன், பாட்டில் மேல் ஒட்டுகிற லேபிளுக்கு ஆன்ஸி இல்லை, ஜி.எச்.எஸ். என்ற உலகப் பொது முறை. அதில் இரண்டே சொல்தான்: டேஞ்சர், வார்னிங். காஷன் கிடையாது. ஆக, டிரம்மில் வார்னிங் என்று பார்த்தால் அதுதான் கீழ்ப்படி. ஒரே சொல் மூன்று படிக்கட்டில் மூன்று இடத்தில். இன்டர்வியூவில் இதைச் சொன்னால் எதிரே இருப்பவர் நிமிர்ந்து உட்காருவார்.

டிரம் என்றதும் ஞாபகம் வருகிறது. நான் போன புதிதில் ஸ்டோரில் என்னோடு இருந்தவர் மார்த்தாண்டம்காரர், நல்ல வேலைக்காரர். தின்னர் டிரம்மில் 'இன்ஃபிளேமபிள்' என்று எழுதியிருந்தது. அவர் கணக்கு: ஆக்டிவுக்கு எதிர் இன்ஆக்டிவ், கரெக்டுக்கு எதிர் இன்கரெக்ட், அப்படியானால் இன்ஃபிளேமபிள் என்றால் தீப்பிடிக்காதது. இலக்கணப்படி குற்றம் சொல்ல முடியாது. வெல்டிங் நடக்கும் சுவருக்கு இந்தப் பக்கம் 11 டிரம்மை வரிசையாக அடுக்கி வைத்துவிட்டு, 'சேஃபா வச்சாச்சு' என்று டீ குடிக்க வந்தார். நல்ல காலம், ஃபோர்மேன் பார்த்துவிட்டான்.

அந்த 'இன்' எதிர்மறை இல்லை, 'உள்ளே' என்கிற 'இன்'. இன்ஃபிளேம் என்றால் பற்றவைப்பது. இந்தக் குழப்பம் ஆங்கிலம் தாய்மொழியாக இருப்பவனுக்கே உண்டு. அதனால்தான் அமெரிக்கத் தீப்பாதுகாப்புக் காரர்கள் 1920களிலேயே 'ஃபிளேமபிள்' என்று சுருக்கி எழுதுங்கள் என்று மன்றாடினார்கள். இன்றைக்கும் நாகர்கோவில் ரோட்டில் போகிற டேங்கர் லாரியின் முதுகில் பழைய சொல்லைப் பார்க்கலாம். இரண்டும் ஒன்றுதான்: பற்றும்.

10 ஜூன்

மழை. கரண்ட் இல்லை. சின்னதாக ஒன்று.

கட்டுமான இடத்தில் 'ஹெட்ஸ் அப்!' என்று மேலேயிருந்து ஒருவன் கத்தினான். நான் சொன்னதைச் செய்கிற ஆள். தலையை மேலே தூக்கினேன். ஒரு ஸ்பேனர் ஹெல்மெட்டின் விளிம்பில் பட்டு விழுந்தது. தலையைத் தூக்கு என்பதற்கு அவர்கள் ஊரில் அர்த்தம், கவனி, ஏதோ வருகிறது என்பது. ஆபீஸ் மெயிலில் அதே சொல் வந்தால் 'முன்கூட்டிச் சொல்லிவிட்டேன்' என்று மட்டும்தான். ஒன்றுக்கு ஹெல்மெட் வேண்டும், இன்னொன்றுக்கு வேண்டாம்.

11 ஜூன், காலை

துறைமுகக் கூண்டைப் பற்றி யாரும் கேட்கவில்லை, ஆனாலும் எழுதுகிறேன். 'ஒன்றாம் எண் புயல் எச்சரிக்கைக் கூண்டு ஏற்றப்பட்டது' என்று பேப்பரில் வருமே, அதுவும் படிக்கட்டுதான். மொத்தம் 11 படி. ஆங்கிலப் பெயர்களை வரிசையாகப் பார்த்தால் பாடமே நடத்தலாம்.

1: டிஸ்டன்ட் காஷனரி. 2: டிஸ்டன்ட் வார்னிங். இரண்டும் தூரத்தில் இருப்பது. 3: லோக்கல் காஷனரி. 4: லோக்கல் வார்னிங். துறைமுகத்துக்கே வந்துவிட்டது. 5, 6, 7: டேஞ்சர். 8, 9, 10: கிரேட் டேஞ்சர். 11: தகவல் தொடர்பு அறுந்துவிட்டது.

காஷன், வார்னிங், டேஞ்சர். பலகையில் சொன்ன அதே ஏறுவரிசை. தமிழில் முதல் எண்ணிலிருந்து பத்தாம் எண் வரை எல்லாமே 'எச்சரிக்கைக் கூண்டு'. நமக்கு எண்தான் பேசுகிறது, சொல் பேசவில்லை.

பதினொன்றாம் எண்தான் எனக்கு வயிற்றைக் கலக்குவது. அதில் புயலைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. சொல்ல ஆள் இல்லை என்பதுதான் செய்தி.

11 ஜூன், இரவு

சொற்களின் பிறப்பைக் கேட்டிருக்கிறார்கள். எனக்குப் பிடித்த பகுதி, கொஞ்சம் நீளும்.

அலாரம்: இத்தாலியில் 'ஆயுதத்தை எடு' என்று போர்வீரனுக்குக் கொடுத்த குரல். காலை ஐந்தரைக்கு நம் தலைமாட்டில் அடிப்பது அதுதான். அலர்ட்: அதுவும் இத்தாலி, 'மேட்டில் ஏறி நின்று பார்' என்கிற மாதிரி. சுனாமிக்கு இதைவிடப் பொருத்தமாக ஒரு சொல் அமையாது. பேனிக்: கிரேக்கர்களின் பேன் என்ற ஆட்டுக்கால் சாமி. காட்டில் காரணமே இல்லாமல் ஆடுமாடும் ஆளும் மிரண்டு ஓடினால் அந்தச் சாமி வேலை. பக்கத்து வீட்டுப் பாட்டி 'சாயங்காலம் அந்தப் புளியமரத்துப் பக்கம் போவாத' என்பாள், அந்த வகை. ரேடியோவில் 'பேன் பேன்' என்று கூப்பிடுவதும் அந்தச் சாமியின் பெயரால்தான்.

டேஞ்சர்: பழைய பிரெஞ்சில் எஜமானனின் அதிகாரம். ஒருவனின் டேஞ்சரில் இருப்பது என்றால் அவன் பிடியில் இருப்பது. தொல்காப்பியம் அச்சம் பிறக்கும் இடங்களாக நான்கைச் சொல்கிறது: அணங்கு, விலங்கு, கள்வர், தம் இறை. நான்காவது அரசன். எங்கேயோ இருக்கும் பிரெஞ்சுக்காரனுக்கும் நம் இலக்கணக்காரருக்கும் பயம் ஒரே வாசலில் நிற்கிறது. வளைகுடாவில் பாஸ்போர்ட்டை முதலாளி பூட்டி வைத்திருந்த காலத்தில் டேஞ்சருக்கு இந்த அர்த்தம் எனக்கு அகராதி பார்க்காமலே தெரியும்.

12 ஜூன், காலை

நேற்று ராத்திரி தூக்கத்தில் எழுதியதில் ஒரு தப்பு. யாரும் பிடிக்கவில்லை, நானே பிடித்தேன்.

ரேடியோவில் சொல்கிற 'பேன் பேன்' கிரேக்கச் சாமி இல்லை. பிரெஞ்சில் 'பான்' என்றால் பழுது, வண்டி நின்றுபோவது. மேடேயும் பிரெஞ்சுதான், 'எனக்கு உதவு' என்பதைக் காதில் விழுந்தபடி ஆங்கிலத்தில் எழுதியது. 1923ல் லண்டனின் கிராய்டன் விமான நிலையத்து ரேடியோ அதிகாரி ஒருவர் கொண்டுவந்தார். அங்கிருந்து பிரான்சுக்கும் இங்கிலாந்துக்கும் நடுவே விமானம் போய்வந்துகொண்டிருந்தது, இரண்டு பக்கத்துக்கும் புரிய வேண்டுமே.

கடலில் இதுவும் மூன்று படி. மேடே: உயிருக்கோ கப்பலுக்கோ உடனடி ஆபத்து, உதவி வேண்டும். பேன் பேன்: அவசரம், ஆனால் இந்த நிமிடம் மூழ்கவில்லை. இன்ஜின் நின்றுவிட்டது, ஆளுக்கு நெஞ்சுவலி என்பது மாதிரி. செக்யூரிட்டே: பாதுகாப்புச் செய்தி, வழியில் மரத்தடி மிதக்கிறது, காற்று வருகிறது என்பது மாதிரி. கூப்பிடுவது வி.எச்.எஃப். ரேடியோவின் 16ஆம் சேனலில். மேடே என்பதை மூன்று முறை சொல்ல வேண்டும், இரைச்சலில் ஒன்று விழுங்கப்பட்டாலும் இரண்டு காதில் விழும்.

கேள்வி கேட்ட தம்பிக்கு: நீ ஹாஸர்டுக்கும் ரிஸ்க்குக்கும் வித்தியாசம் கேட்டு இன்னொன்று அனுப்பியிருக்கிறாய். பார்த்தேன். பிறகு எழுதுகிறேன்.

13 ஜூன்

இனி பயம். எச்சரிக்கைச் சொற்களைவிட இது சிக்கல், ஏனென்றால் இதற்குப் பலகை கிடையாது.

ஆங்கிலத்தில் அஃப்ரெய்ட், ஸ்கேர்ட், ஃபிரைட்டண்ட், டெரிஃபைட், பெட்ரிஃபைட் என்று ஏறும். கடைசியில் உள்ளது கிரேக்கத்தில் பாறையைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது. நாம் சொல்கிறோமே, 'கல்லாய்ச் சமைந்துவிட்டான்' என்று, அதேதான். ஹாரர் என்பது லத்தீனில் மயிர் சிலிர்த்து நிற்பது. நம் மயிர்க்கூச்சு.

ஆனால் அங்கே அந்த உடம்பு சொல்லுக்குள்ளே புதைந்து போய்விட்டது, தோண்டினால்தான் தெரியும். நம்மிடம் இன்னும் மேலேயே கிடக்கிறது. வயிற்றைக் கலக்கியது, குலை நடுங்கியது, கைகால் வெலவெலத்தது, நாக்கு ஒட்டிக்கொண்டது, பேயறைந்த மாதிரி நின்றான். டாக்டரிடம் இதையெல்லாம் ஆங்கிலத்தில் சொல்ல முயன்ற ஒருவரை எனக்குத் தெரியும். 'மை ஸ்டமக் இஸ் மிக்ஸிங்' என்றார். வயிற்றுப்போக்குக்கு மாத்திரை கொடுத்து அனுப்பினார்கள்.

நம் மேற்குப் பக்கத்தில், விளவங்கோடு தாண்டினால், பயம் கிடையாது, பேடிதான். 'பேடிச்சுப் போனேன்' என்பார்கள். நாகர்கோவிலில் இருந்து வந்த என் மனைவி கல்யாணமான புதிதில் என் அத்தை 'பேடிக்காதே மோளே' என்று சொன்னதைக் கேட்டு, பேடி என்றால் கோழை, தன்னைத் திட்டுகிறார்கள் என்று நினைத்து ஒரு வாரம் பேசவில்லை. இங்கே 20 மைலுக்கு ஒரு அகராதி வேண்டும்.

13 ஜூன், இரவு

இன்னும் இரண்டு. டெரிபிள், டெரிஃபிக் இரண்டும் டெரர் வயிற்றில் பிறந்த அண்ணன் தம்பி. ஒருவன் 'மகா மோசம்' ஆனான், இன்னொருவன் 'பிரமாதம்' ஆனான். ஆஃபுல், ஆசம் ஜோடியும் அப்படித்தான். நம் ஊரில் 'பயங்கர ருசி' என்கிறோமே, ஆகவே சிரிக்க உரிமை இல்லை.

இரண்டாவது என் கதை. ஊருக்கு வர லீவு கேட்டு எழுதினேன். மேனேஜரிடமிருந்து பதில்: 'ஐ ஆம் அஃப்ரெய்ட் யுவர் லீவ் கேனாட் பி அப்ரூவ்ட்.' படித்துவிட்டு அறையில் இருந்தவர்களிடம் பெருமையாகக் காட்டினேன். இவ்வளவு பெரிய மனுஷன் பயப்படுகிறான், இன்னும் ஒரு தடவை அழுத்திக் கேட்டால் கொடுத்துவிடுவான் என்றேன். அழுத்திக் கேட்டேன். மன்னிக்கவும் என்பதைத்தான் அப்படி எழுதுவார்கள் என்பதை இரண்டாவது கடிதம் வேறு சொற்களில் புரியவைத்தது.

15 ஜூன், ஞாயிறு

இதை எழுதலாமா வேண்டாமா என்று இரண்டு நாள் யோசித்தேன்.

அஃப்ரெய்ட் ஆஃப், அஃப்ரெய்ட் ஃபார். வகுப்பில் இரண்டே நிமிடத்தில் நடத்துகிற பாடம். அஃப்ரெய்ட் ஆஃப் ஹிம் என்றால் அவனைக் கண்டு பயம். அஃப்ரெய்ட் ஃபார் ஹிம் என்றால் அவனுக்கு என்ன ஆகுமோ என்று பயம். தமிழில் 'அவனுக்குப் பயம்' என்றால் அவன்தான் பயப்படுகிறான். 'அவனுக்காகப் பயம்' என்று யாரும் பேசுவதில்லை. 'அவன நெனச்சாத்தான் பயமா இருக்கு' என்று சுற்றிக்கொண்டு வருவோம்.

ஒக்கி 2017ல். 29 நவம்பர் காலையில் அது தாழ்வு மண்டலம், 30ஆம் தேதி காலையில் புயல். ஒரே நாள். தூத்தூர்ப் பக்கத்து ஆட்கள் தங்கல் தொழில்காரர்கள், வாரக்கணக்கில் ஆழ்கடலில் கிடப்பவர்கள். எத்தனையோ பேர் அதற்கு எத்தனையோ நாள் முன்பே போயிருந்தார்கள். டிசம்பர் முதல் வாரத்தில் ஒரு கடற்கரைக்கு நான் போயிருந்தேன், சொந்தக்காரர் வீடு. வடக்கே இருந்து வந்த ஒரு செய்தியாளர் ஆங்கிலம் தெரிந்த ஆளைத் தேடினார். என்னைக் காட்டிவிட்டார்கள். கரையில் நின்ற ஒரு அம்மாவிடம் கேட்கச் சொன்னார்: 'ஆர் யூ அஃப்ரெய்ட்?'

நான் கேட்டேன்: 'அக்கா, பயமா இருக்கா?'

அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். 'எனக்கு எதுக்குப் பயம்? நான் கரையிலல்லா நிக்கேன்.'

நான் திரும்பிச் செய்தியாளரிடம் சொன்னேன்: 'நோ. ஷி சேஸ் ஷி இஸ் நாட் அஃப்ரெய்ட்.' அவர் எழுதிக்கொண்டார்.

ஒரு சொல்லும் தப்பாக மொழிபெயர்க்கவில்லை. அவர் மகன் கடலில் இருந்தான். வீட்டுக்குப் போகிற பஸ்ஸில்தான் 'ஃபார்' என்ற மூன்றெழுத்து ஞாபகம் வந்தது.

16 ஜூன்

நேற்றைய குறிப்புக்கு வந்தவற்றைப் படித்தேன். பதில் எழுத எதுவும் இல்லை. 'மகன் வந்தானா' என்று கேட்டவருக்கு மட்டும்: வந்தான். லட்சத்தீவில் கரையேறியவர்களில் ஒருவன்.

அப்போதைய செய்திகளின் சொற்களைப் பற்றி ஒருவர் கேட்டது நல்ல கேள்வி. காற்று மணிக்கு 31 கிலோமீட்டரைத் தாண்டினால் தாழ்வு மண்டலம், 50ஐத் தாண்டினால் ஆழ்ந்த தாழ்வு மண்டலம், 62க்கு மேல் புயல். படிக்கட்டு சரிதான். ஆனால் டிப்ரெஷன் என்ற சொல்லும் சரி, தாழ்வு என்ற சொல்லும் சரி, காதுக்கு இறங்குமுகமாக இருக்கிறது. ஏதோ குறைகிறது, தணிகிறது என்று தோன்றும். காற்றழுத்தம்தான் தாழ்கிறது, காற்று இல்லை. 'ஆழ்ந்த தாழ்வு' என்று கேட்டு ஓட வேண்டும் என்று எந்த உடம்புக்குத் தோன்றும்?

அப்புறம் அந்த வழக்கமான வரி: 'ஃபிஷர்மென் ஆர் அட்வைஸ்ட் நாட் டு வென்ச்சர் இன்டு த ஸீ.' வென்ச்சர் என்பது அட்வெஞ்சரின் தலை வெட்டிய வடிவம். சாகசம். தினமும் வேலைக்குப் போகிறவனைப் பார்த்துச் சாகசம் போகாதே என்கிறது. அது போகட்டும். அந்த வரி முழுக்கக் கரையில் நிற்கிறவனிடம் பேசுகிறது. ஏற்கெனவே போனவனுக்கு அதில் ஒரு வினைச்சொல் கூட இல்லை.

16 ஜூன், இரவு

புலி வருது கதைக்கு எங்களிடமே சரித்திரம் இருக்கிறது. 2004 டிசம்பர் 26 சுனாமி. குளச்சல், கொட்டில்பாடு, மணக்குடி எல்லாம் தெரிந்ததே. அன்றைக்கு அந்தச் சொல் யாருக்கும் தெரியாது. ஓடியவர்கள் 'கடலு கேறி வருது' என்று கத்திக்கொண்டுதான் ஓடினார்கள். நாலு நாள் கழித்து, 30ஆம் தேதி, இன்னொரு சுனாமி வரலாம் என்று டெல்லியிலிருந்தே எச்சரிக்கை வந்தது. வரவில்லை. அன்றைக்கு என் அக்கா இடுப்பில் ஒரு பிள்ளை, கையில் ஒரு பிள்ளை, திங்கள்நகர் வரை நடந்தும் ஓடியும் போனாள். பிறகு அது திரும்பப் பெறப்பட்டது. அலாரத்துக்கு முன்னால் ஃபால்ஸ் என்று சேர்த்துவிட்டால் ஆங்கிலத்தில் வேலை முடிந்தது. அக்காவுக்கு இன்னும் முடியவில்லை, போன் விநோதமாகச் சத்தம் போட்டால் செருப்பைத் தேடுவாள்.

18 ஜூன்

'எல்லாம் இங்கிலீஷ்ல இருந்துதான் நாம வாங்கணுமா' என்று கோபமாக ஒருவர். இல்லை, கொடுத்தும் இருக்கிறோம்.

கள்ளக்கடல். காற்று இல்லை, மழை இல்லை, வானம் வெளுப்பாக இருக்கும், கடல் மட்டும் திருடன் மாதிரி உள்ளே வந்து வள்ளத்தையும் வலையையும் எடுத்துப் போகும். எங்கேயோ தெற்கே, இந்தியப் பெருங்கடலின் தென்கோடியில் அடித்த புயலின் அலை பல நாள் பயணம் செய்து இங்கே வந்து சேர்வது. குமரி, கேரளக் கடற்கரை ஆட்கள் வைத்த பெயர். 2012ல் யுனெஸ்கோ அதை அப்படியே ஏற்றுக்கொண்டது. ஹைதராபாத்தில் இருக்கிற இன்காய்ஸ் என்ற கடல் தகவல் நிறுவனம் இன்றைக்கு ஆங்கில அறிக்கையிலும் கள்ளக்கடல் என்றே எழுதுகிறது. அதற்குரிய ஆங்கிலம் 'ஸ்வெல் சர்ஜ்'. வீக்கம், பொங்கல் என்கிற மாதிரி. அதில் கள்ளன் இல்லை. தொல்காப்பியரின் மூன்றாவது காரணம் எங்கள் சொல்லில்தான் இருக்கிறது.

2024 மே 6ஆம் தேதி கணபதிபுரம் பக்கத்து லெமூர் கடற்கரையில் மருத்துவ மாணவர்கள் 5 பேர் அலையில் போனார்கள். வெளியூர்ப் பிள்ளைகள். அந்த நாட்களில் அறிவிப்பு இருந்தது. அவர்கள் காதுக்கு அது எந்தச் சொல்லாகப் போய்ச் சேர்ந்தது, போய்ச் சேர்ந்ததா என்பதைத்தான் நான் யோசிக்கிறேன். நல்ல வெயிலில் நிற்கிற பிள்ளையிடம் 'கடல் சீற்றம்' என்று சொன்னால், கடலைப் பார்த்துவிட்டுச் சிரிக்கும். சீறவில்லையே.

19 ஜூன்

பதினொன்றாம் தேதி கூண்டைப் பற்றி எழுதியதை மாற்றிக்கொள்கிறேன். முழுதாக இல்லை, பாதி.

தமிழில் ஒரே சொல்தான், அதனால் நாம் ஏழை என்கிற தொனியில் எழுதினேன். நேற்று வீட்டு கேட்டில் 'நாய்கள் ஜாக்கிரதை' பார்த்துக்கொண்டு நின்றேன். (உள்ளே இருந்தது ஒரு நாய். அதுவும் தூங்கிக்கொண்டிருந்தது.) ஜாக்கிரதை வடமொழியில் விழித்திருத்தல். ஆங்கில வாட்ச், வேக் என்கிற சொல்லோடு உடன்பிறந்தது, அதுவும் விழித்திருத்தல். எச்சரிக்கை? கன்னடத்தில் எச்சர என்றால் விழிப்பு. அரசன் வரும்போது கட்டியக்காரன் கூவியது 'எச்சரிக்கை'. அது அபாய அறிவிப்பு இல்லை, தூங்காமல் நில்லுங்கள் என்பதுதான்.

அப்படியென்றால் எச்சரிக்கையின் சரியான இடம் கீழ்ப்படி. மஞ்சள். நாம் அதைத் தூக்கிச் சிவப்பில் வைத்துவிட்டு, ஆரஞ்சுக்கும் மஞ்சளுக்கும் அதையே ஒட்டிவிட்டோம். மேல்படிக்கு அபாயம் இருக்கிறது, மின்கம்பத்தில் மண்டையோட்டுக்கு மேலே எழுதியிருப்பது. ரயிலிலும் அபாயச் சங்கிலி என்றுதான் பெயர். நடுவில்தான் ஆள் இல்லை.

பேச்சிப்பாறை அணை 48 அடி, பெருஞ்சாணி அணை 77 அடி. நிரம்பிக்கொண்டு வரும்போது கோதையாற்றங்கரைக்கும் குழித்துறைக்கும் சொல்வது 'முதற்கட்ட வெள்ள அபாய எச்சரிக்கை'. மூன்று சொல்லையும் ஒரே வண்டியில் ஏற்றிவிட்டார்கள். ஆனால் அதை யாரும் குழப்பிக்கொள்வதில்லை. முதற்கட்டம் என்றால் மாட்டை அவிழ்த்துக் கட்டு, இரண்டாம் கட்டம் என்றால் சாமானைத் தூக்கு. கட்டம்தான் வேலை செய்கிறது.

21 ஜூன்

கேள்வி கேட்ட தம்பி இன்று வீட்டுக்கே வந்தான், அப்பாவையும் கூட்டிக்கொண்டு. விசைப்படகுக்காரர், இப்போது தடைக்காலம். எங்கள் பக்கம் ஜூலை 31 வரை போட் போகாது, அதனால் மனுஷனுக்குப் பொழுது இருக்கிறது. கிழக்கே சின்னமுட்டத்துக்காரர்களுக்கு 14ஆம் தேதியோடு முடிந்துவிட்டது. ஒரே மாவட்டம், இரண்டு கடல், இரண்டு தடை.

பையன் ஒரு காகிதம் வைத்திருந்தான். அவனே மொழிபெயர்த்தது. வாட்ச்: பாத்துக்கோ. அலர்ட்: கெட்டி வச்சுக்கோ. வார்னிங்: ஓடு.

எனக்குப் பிடித்திருந்தது. வினைச்சொல்லாக வைத்திருக்கிறான் பாருங்கள். அப்பா வாங்கிப் பார்த்தார். முதல் இரண்டுக்கும் தலையாட்டினார். மூன்றாவதில் விரலை வைத்து, 'ஓடுன்னா எங்க ஓட? பீச் ரோட்டுல நேரா ஓடுவானுவ. மேட்டுக்குக் கேறுன்னு எழுது' என்றார்.

'அது சுனாமிக்கு அப்பா. காத்துக்கு?'

'காத்துக்கு கரையில நிக்கவனுக்கு உள்ள போய்க் கதவடை.' கொஞ்ச நேரம் காகிதத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். 'கடல்ல கெடக்கவனுக்கு நீ ஒண்ணும் எழுதல.'

பையன் என்னைப் பார்த்தான். நான் டீ போடப் போனேன்.

24 ஜூன்

இன்டர்வியூ முடிந்தது. காலையில் போன் செய்தான். டேஞ்சர், வார்னிங், காஷன் எதுவும் கேட்கவில்லையாம். ஜி.எச்.எஸ். இல்லை. மேடே இல்லை. கேட்ட ஒரே ஆங்கிலச் சொல் கேள்வி: ஹாஸர்டுக்கும் ரிஸ்க்குக்கும் என்ன வித்தியாசம்.

நான் பிறகு எழுதுகிறேன் என்று விட்டது.

'என்ன சொன்ன மக்கா?' என்றேன்.

மே 25ஆம் தேதி கொச்சிக்கு வெளியே மூழ்கியதே எம்.எஸ்.சி. எல்சா 3 கப்பல், அதைச் சொன்னானாம். அதன் கன்டெய்னர்களில் சிலவற்றில் கால்சியம் கார்பைடு இருந்தது, தண்ணீர் பட்டால் அசெட்டிலீன் வாயு வரும், பற்றும். 'கன்டெய்னருக்குள்ள கார்பைடு கெடக்குல்லா சார், அது ஹாஸர்ட். கரையில ஒதுங்குன உடனே எங்க ஊர்ப் பிள்ளைக என்னன்னு பாக்கக் கிட்ட போவும்லா, அது ரிஸ்க். தூரத்துல கெடந்து யாரும் போகலன்னா ஹாஸர்ட் அப்படியேதான் இருக்கும், ரிஸ்க் கொறஞ்சிடும்னு சொன்னேன். அந்தக் கப்பல்ல இருந்த பிளாஸ்டிக் பெல்லட் நம்ம கடற்கரையிலயும் ஒதுங்குச்சுன்னு சொன்னேன். அவரு அத ஒரு பேப்பர்ல எழுதிக்கிட்டாரு.'

இங்கிலீஷிலா சொன்னாய் என்று கேட்டேன். பாதி இங்கிலீஷ் என்றான். மீதிக்கு மேசையில் இருந்த தண்ணீர் பாட்டிலைக் கன்டெய்னராக வைத்துக் காட்டினானாம்.